சென்னம்மா பாறைக்கு வழி

சென்னம்மா செத்துப்போன சேதியைச் சென்னம்மாவிடமே சொன்னவன் தர்மபுரியிலிருந்து வந்த ஒரு கல்லூரி மாணவன். சொன்ன இடம் என் கடை. அப்போது அவள் கடுக்காய் மூட்டையின் வாயைப் பிரித்துக்கொண்டிருந்தாள்.

என் பேர் காஜா. பாப்பிரெட்டிப்பட்டி பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே மலைச்சரக்கு வாங்கி விற்கிற கடை என்னுடையது. சித்தேரி மலையிலிருந்து இறங்குகிற புளி, கடுக்காய், சீயக்காய், தேன் எல்லாம் என் தராசில் ஏறித்தான் சேலத்துக்குப் போகும். எனக்குக் கோபம் சீக்கிரம் வரும். வந்துவிட்டால் எதிரே இருப்பது கலெக்டரா கழுதையா என்று வாய் பார்க்காது. "உங்க வாய்க்குப் பூட்டு வாங்க திண்டுக்கல்லுக்குத்தான் ஆள் அனுப்போணும்" என்பாள் என் வீட்டுக்காரி நசீம் பானு. அந்தக் கோபத்தோடுதான் இதைச் சொல்லப்போகிறேன். பொறுத்துக்கொள்ளுங்கள்.

எண்பத்தைந்தோ எண்பத்தாறோ, சரியாக நினைவில்லை. தர்மபுரியில் ஜெராக்ஸ் மிஷின் வந்து, எதைக் கண்டாலும் ஜெராக்ஸ் எடுத்துக்கொண்டிருந்த காலம். பஸ்ஸிலிருந்து மூன்று பேர் இறங்கினார்கள். தோளில் பை, கையில் ஒரு தாள். எதிர் டீக்கடையில் டீ குடித்துவிட்டு நேராக என் கடைக்கு வந்தார்கள்.

"ஏனுங்க, சென்னம்மா பாறைக்கு எப்பிடிங்க போறது?"

அப்படி ஒரு பாறையை நான் கேள்விப்பட்டதே இல்லை. தெரியாது என்று சொல்வதற்குள் சென்னம்மா தலையைத் தூக்கிவிட்டாள்.

"எந்தச் சென்னம்மாங்க?"

"யாரோ அந்தக் காலத்துப் பொம்பளையாம்மா. அந்தப் பாறையிலருந்து வுளுந்து செத்துட்டாங்களாம். டீக்கடையில சொன்னாங்க."

டீக்கடைக்காரன் மாது மலைப்பக்கமே போனதில்லை. கேட்டவர்களை வெறும் வாயோடு அனுப்பக் கூடாது என்று அந்த நிமிஷத்தில் கட்டிவிட்ட கதை அது. நான் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு தாளை வாங்கிப் பார்த்தேன். ஒரு தடித்த கலைக்களஞ்சியத்தில் வந்த வரைபடத்தின் நகல். 'பாறையியல் சிறப்புடைய இடங்கள்' என்று தலைப்பு. சித்தேரி மலையின் நடுவே ஒரு பெரிய புள்ளி. பக்கத்தில் 'சென்னம்மா பாறை'. அதற்குக் கீழே, கண்ணுக்குத் தெரியாத எழுத்தில், 'ஊத்துப்பள்ளம்'.

"ஊத்துப்பள்ளம் எங்கூருதானே" என்றாள் அவள். "எங்கூர்ல சென்னம்மான்னு நான் ஒருத்திதானே பாயி இருக்கேன்?"

நான் சிரித்துவிட்டேன். மாணவர்களும் சிரித்தார்கள். அவள் சிரிக்கவில்லை. அந்தப் புள்ளியின் மேல் விரலை வைத்து, பக்கத்தில் ஓடை வருகிறதா, எந்தக் கோடு எங்கே போய் முடிகிறது என்று ஒவ்வொன்றாகக் கேட்டாள். நான் பார்த்துப் பார்த்துச் சொன்னேன். சொல்லி முடித்ததும் விரலை எடுத்துக்கொண்டாள்.

"இது அந்தப் பக்கம் பாயி" என்றாள்.

என் சிரிப்பு அதோடு போயிற்று. அந்தப் பக்கம் என்றால் என்னவென்று எனக்குத் தெரியும்.

சென்னம்மாவுக்கும் அவள் புருஷன் மல்லையனுக்கும் ஒரே மகள், கருப்பி. வத்தல்மலையில் ஒரு வீட்டில் பெண் கேட்டு, பேச்சு முடிகிற நேரம். கடுக்காய் பொறுக்கப் போனவள் பாறை விளிம்பில் கால் வழுக்கி ஓடைப் பள்ளத்தில் விழுந்துவிட்டாள். அன்றைக்குப் போக வேண்டியவள் சென்னம்மா. காய்ச்சலென்று படுத்திருந்தாள், மகள் கூடையை எடுத்துக்கொண்டு போனாள். என் கடைக்குச் சரக்கு தருவதாகச் சொல்லியிருந்த நாள் என்பதால்தான் போனாள் என்று அவர்கள் யாரும் என்னிடம் சொன்னதில்லை. நானாகத்தான் அதை நினைத்துக்கொள்வேன்.

ஊத்துப்பள்ளத்தில் ஒரு வழக்கம் உண்டு. விழுந்தோ, தூக்குப் போட்டோ, பாம்பு கடித்தோ, கெட்ட சாவாகப் போனவர்களின் பேரை ஊருக்குள் யாரும் வாய்விட்டுச் சொல்ல மாட்டார்கள். சொன்னால் கூப்பிட்டதாக ஆகிவிடும். வந்து வாசலில் நிற்கும் என்பார்கள். அவர்கள் போன இடத்துக்கும் பேர் கிடையாது. 'அந்தப் பக்கம்', அவ்வளவுதான். கருப்பி போவதற்கு முன்னாலும் அந்தப் பாறைக்குத் தனியாகப் பேர் ஒன்றும் இருக்கவில்லை. பாறை என்றால் பாறை.

அப்புறம் இவள் பேர் அங்கே எப்படிப் போயிற்று? யோசித்து யோசித்து அவளே கண்டுபிடித்தாள். மகள் போய்ச் சில வருஷம் கழித்து, தொப்பி போட்ட ஒருவர் சுத்தியும் பையுமாக அந்தப் பாறைக்கு வந்திருக்கிறார். கல்லைத் தட்டித் தட்டிப் பார்த்திருக்கிறார். இவள் அங்கே தனியாக உட்கார்ந்திருக்கிறாள். ஒரு நோட்டைத் திறந்துகொண்டு, இவளைப் பார்த்து, "பேரென்னங்க?" என்று கேட்டிருக்கிறார்.

"எம்பேரத்தான் கேக்கறாருன்னு நெனச்சேன் பாயி. ஓட்டு லிஸ்ட்டு எழுத வந்தவராட்டம் இருந்தாரு. சென்னம்மான்னேன். ரொம்ப சந்தோசங்கன்னு எழுதிக்கிட்டுப் போனாரு."

அவர் கேட்டது பாறையின் பேர். இவள் சொன்னது தன் பேர். அந்த ஒரு வார்த்தை மெட்ராசுக்குப் போய், அச்சாகி, தடித்த அட்டைக்குள் உட்கார்ந்து, லைப்ரரிகளுக்கெல்லாம் போய்விட்டது. மலைக்குக் கீழே எங்கள் பக்கத்தில் ஒரு பாறைக்கோ மடுவுக்கோ பொம்பளை பேர் இருந்தால், அவள் அங்கே செத்திருக்கிறாள் என்றுதான் அர்த்தம். வேறு எதற்கு ஒரு பொம்பளையின் பேரைக் கல்லுக்கு வைக்கப்போகிறார்கள்?

அந்த வரைபடத்தைப் பற்றிச் சொல்லாமல் என் வயிற்றெரிச்சல் தீராது. களஞ்சியத்தின் பேரை நான் சொல்லப்போவதில்லை, இன்னும் விற்றுக்கொண்டிருக்கிறார்கள். முதலில் அந்தப் புள்ளி. கடுகு அளவு இருந்தால் போதுமே. அவர்கள் வைத்ததோ பொட்டு அளவு, அதற்குள் பாறை, ஓடை, ஊர், ஊருக்கு அப்பாலிருக்கும் காடு எல்லாம் அடங்கிவிடும். வடக்கு எது என்று அம்புக்குறி இல்லை. பக்கத்தில் இடம் போதவில்லை என்று படத்தைக் கொஞ்சம் சாய்த்துப் போட்டிருந்தார்கள், அதனால் சூரியன் ஒரு மூலையில் உதித்தது. தூரம் பார்க்கப் போட்டிருந்த அளவுகோல், ஜெராக்ஸில் சுருக்கி எடுத்ததும் பொய்யாகிவிட்டது. குறிகளுக்கு விளக்கம் வேண்டுமென்றால் பின்னால் எங்கேயோ ஒரு பக்கத்தைப் பார்க்கச் சொன்னது. பின்பக்கத்தை யார் ஜெராக்ஸ் எடுக்கப்போகிறார்கள்?

இதெல்லாம்கூடப் போகட்டும். மூலப் புத்தகத்தில் ஒற்றையடிப் பாதையைச் சிவப்புக் கோட்டாலும், மழைக்கு மட்டும் ஓடுகிற ஓடையை நீலக் கோட்டாலும் போட்டிருந்தார்கள். இரண்டும் விட்டு விட்டு வரைந்த கோடு. ஜெராக்ஸில் சிவப்பும் கறுப்பு, நீலமும் கறுப்பு. பாதை எது, ஓடை எது என்று சொல்ல முடியாது. பாறைக்கு நேராகப் போவது ஓடைக்கோடுதான். பார்க்கிறவன் அதைத்தான் பிடித்துக்கொண்டு போவான். அது கொண்டுபோய் விடுகிற இடம் கருப்பி விழுந்த விளிம்பு. இதை வரைந்த மகராசன் மேஜையை விட்டு எழுந்து ஒரு நாள் அந்தக் கோட்டின் மேல் நடந்து பார்த்திருக்க வேண்டும்.

ஆனால் ஆட்கள் வந்துகொண்டே இருந்தார்கள். வெள்ளைப் பாறையை நடுவில் பிளந்துகொண்டு கறுப்புப் பாறை சுவர் மாதிரி ஏறி நிற்கிறதாம், எந்தக் காலத்திலோ பூமிக்குள்ளிருந்து உருகி வந்து உறைந்ததாம். அதைப் பார்க்க மாணவர்கள், வாத்தியார்கள், ஒரு முறை பெங்களூரிலிருந்துகூட ஒரு கூட்டம். ஒவ்வொரு பஸ்ஸுக்கும் மாது ஒரு கதை சொன்னான். ஒரு நாள் சென்னம்மா மாமியார் கொடுமையில் குதித்தாள், ஒரு நாள் காதலில் குதித்தாள், பஸ் லேட்டானால் கதையில் ஒரு வெள்ளைக்காரத் துரையும் வந்துவிடுவான். நான் ஒரு தடவை கடையிலிருந்தே கத்தினேன். "டேய் மாது, அந்தப் பொம்பள இங்க உக்காந்து புளி தூக்கிப் போட்டுட்டு இருக்குதுடா!" அவன் திரும்பிப் பார்த்துவிட்டு, கேட்டுக்கொண்டிருந்தவர்களிடம், "பாய்க்கு அந்தப் பேரச் சொன்னா ஆவாது" என்றான். கதைக்கு அதுவும் உதவிற்று.

யாரோ ஒரு பெண் பாறையடியில் கண்ணாடி வளையல் வைத்துவிட்டுப் போனாள். அதைப் பார்த்து இன்னொருத்தி மஞ்சள் வைத்தாள். சென்னம்மா போய்ப் பார்த்திருக்கிறாள். வளையலைத் தொட்டாளாம், ஆனால் எடுக்கவில்லை. "எடுத்தா எங்கைக்குச் சரியா இருந்துருமோன்னு பயமா இருந்துச்சு பாயி" என்றாள்.

அப்புறம்தான் அந்தக் கால் உடைந்த சங்கதி. தர்மபுரியில் பாறையியல் சொல்லித்தரும் விரிவுரையாளர் நஞ்சப்பன் தன் மாணவர்களை அனுப்பியிருந்தார்; அவர் மறுநாள் வருவதாக ஏற்பாடு. பையன்கள் பொறுக்காமல் அன்றைக்கே ஏறிவிட்டார்கள். கோட்டைப் பிடித்து ஓடைக்குள் போனார்கள், ஓடை அவர்களை விளிம்புக்குக் கொண்டுபோனது. நல்ல வேளை, சென்னம்மா அங்கே இருந்தாள்.

"நில்லு! அங்க வராத! பள்ளம்!" என்று பாறை மேலிருந்து கத்தியிருக்கிறாள்.

முன்னால் வந்தவன் நின்றுவிட்டான். விளிம்புக்கும் அவனுக்கும் நடுவே நாலடிதான் இருந்ததாம். மேலே நிமிர்ந்து பார்த்து, "யாரும்மா நீங்க?" என்று கேட்டான்.

"நான் சென்னம்மா."

அவன் பள்ளத்தில் விழாமல் தப்பித்ததே பெரிது. பேரைக் கேட்டதும் திரும்பி ஓடி, ஓடைக்கல்லில் இடறி, முழங்காலுக்குக் கீழே ஒடித்துக்கொண்டான். கூட வந்தவர்கள் பையையும் படத்தையும் போட்டுவிட்டு ஓட்டம் பிடித்தார்கள். சென்னம்மாவும் மல்லையனும் அவனைக் கட்டிலில் போட்டுத் தூக்கிக்கொண்டு மலை இறங்கி என் கடைக்கு வந்து சேர்ந்தார்கள். ஆஸ்பத்திரிக்கு வண்டி வரும்வரை அவன் கண்ணை இறுக மூடிக்கொண்டிருந்தான். என் கையைப் பிடித்து இழுத்து, காதருகே மெதுவாகக் கேட்டான்.

"அண்ணா, அந்தம்மாவுக்குக் கால் இருக்குதான்னு பாருங்கண்ணா."

"இருக்குது. உனக்குத்தான் இப்ப ஒண்ணு கொறையுது" என்றேன். எனக்கு அவ்வளவு ஆத்திரம். இரண்டு மைலுக்கு மேல் அவனைத் தோளில் சுமந்து வந்தவள் அவள். செருப்பில்லாத அந்தக் காலில் முள் கிழித்து ரத்தம் வந்துகொண்டிருந்தது. அவள் அதைச் சேலைக் கரையால் மூடிக்கொண்டாள்.

மாதுவின் கதைகள் அதற்கு முன்பே மலைக்கு ஏறிவிட்டிருந்தன. ஊர் ஆட்கள் கூடிப் பேசியிருக்கிறார்கள். வெளியூர்க்காரர்கள் எல்லோரும் அந்தப் பக்கத்தை ஒரு பேர் சொல்லிக் கூப்பிடுகிறார்கள். வளையல் வைக்கிறார்கள். பேர் அங்கே போய்விட்டது. அங்கே போன பேரை ஊருக்குள் சொல்லலாமா? யாரும் முடிவென்று ஒன்றும் எடுக்கவில்லை. கெட்ட எண்ணமும் யாருக்கும் இல்லை. சென்னம்மா என்று கூப்பிடுவதை ஒவ்வொருவராக நிறுத்திவிட்டார்கள், அவ்வளவுதான்.

இதை என்னிடம் வந்து சொன்னவன் மல்லையன். அதிகம் பேசாத மனுஷன். அன்றைக்குச் சரக்கு ஒன்றும் இல்லாமல் வெறுங்கையோடு வந்து நின்றான்.

"நானும் கூப்புடறதில்ல பாய். வூட்டுக்குள்ள நின்னு கூப்புட்டுப் பாத்தேன். நாக்கு எழும்ப மாட்டேங்குது. இந்தாங்கறேன், ஏய்ங்கறேன். அவ திரும்பிப் பாக்கறப்ப பாக்க முடியல."

"பேரச் சொன்னா என்னய்யா ஆயிரும்?" என்று அவன் மேல் பாய்ந்தேன்.

"ஒண்ணும் ஆவாதுதானுங்க. ஆனா ஏற்கெனவே ஒண்ணு ஆனதப் பாத்துட்டமே" என்றான்.

அதற்குப் பிறகு சென்னம்மா என் கடைக்கு அடிக்கடி வர ஆரம்பித்தாள். மூட்டை கொண்டுவந்த இடத்தில் ஒரு முறம் கடுக்காய், சில நாள் மடியில் முடிந்த நாலு நெல்லிக்காய். இதற்கா இவ்வளவு தூரம் நடந்து வந்தாய் என்று ஒரு நாள் திட்டினேன். அவள் தராசைப் பார்த்துக்கொண்டே சொன்னாள்.

"நீங்க கூப்புடறீங்க இல்ல பாயி. அதுக்குத்தான்."

உள்ளே ஏதோ எடுக்கப் போகிறவன் மாதிரிப் போனேன். சாக்குகளுக்குப் பின்னால் நின்றுகொண்டு, "சென்னம்மா! ஏ சென்னம்மா!" என்று தெருவுக்கே கேட்கிற மாதிரிக் கூப்பிட்டேன். "ஏனுங்க பாயி" என்று பதில் வந்தது. அதில் இருந்த நிம்மதியை நான் வேறு எந்தக் குரலிலும் கேட்டதில்லை. அன்றிலிருந்து அவள் வரும்போதெல்லாம் காரணம் இருந்தாலும் இல்லாவிட்டாலும் பேர் சொல்லி நாலு தடவை கூப்பிடுவேன்.

ஒரு நாள் அவளிடம் கேட்டேன், அந்தப் பாறைக்கு ஏன் இன்னும் போகிறாய் என்று.

"அங்க நின்னு கூப்புட்டா திருப்பிக் கூப்புடும் பாயி. ஊருக்குள்ளதான் அவ பேரச் சொல்லக் கூடாது. அங்க ஆரு கேக்கறா? கருப்பீன்னு கத்துவேன். எதுத்தாப்பல மலையிலருந்து கருப்பீன்னு வரும். ஆரோ இன்னொருத்தியும் அவளத் தேடறாப்பல இருக்கும்." பிறகு, "இப்ப எம்பேரயும் கூப்புட்டுப் பாக்கறேன். அதுவும் வருது" என்றாள்.

இதை இப்படியே விட்டால் இவளும் போய்விடுவாள் என்று பயந்தேன். கடையை நசீம் பானுவிடம் விட்டுவிட்டு மறுநாளே தர்மபுரிக்குப் போய் நஞ்சப்பனைப் பிடித்தேன். என் வாயில் வந்ததையெல்லாம் அவர் பொறுமையாகக் கேட்டுக்கொண்டார். நல்ல மனுஷன். தன் மாணவனுக்குக் கால் ஒடிந்ததிலிருந்து அவருக்கும் அந்தப் படத்தின் மேல் கசப்புதான். களஞ்சியத்துக்கு மறுபதிப்பு வரப்போகிறது, இந்த வட்டாரத்துப் படத்தைத் திருத்தித் தரச் சொல்லித் தன்னைத்தான் கேட்டிருக்கிறார்கள் என்றார்.

"அப்ப அந்தப் பேர எடுத்துப்போடுங்க சார்."

"பேர் இல்லாம அந்த எடத்தப் போட மாட்டாங்க பாய். கட்டுரை முழுக்க அந்தப் பேர்லதான் இருக்குது."

"ஏதாச்சும் ஒண்ணு போடுங்க. காஜா பாறைன்னு போடுங்க. நான் பாத்துக்கறேன்."

அவர் சிரித்தார். "அங்க இருக்கறவங்க வாயால என்ன சொல்றாங்களோ அதத்தான் எழுதலாம். வேற பேர் இருந்தா சொல்லச் சொல்லுங்க, மாத்திடறேன்."

மல்லையனிடம் சொன்னேன். அவன் ஊரில் பேசிப் பார்த்தான். வேறு யார் பேரைக் கொடுப்பார்கள்? ஒருத்தி பேர் போனால் என்ன ஆகும் என்பதை எல்லோரும் கண்ணால் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். கடைசியில் ஊர்ப் பூசாரி ஒரு வழி சொன்னார். உண்மையில் அங்கே போனவள் யாரோ அவள் பேரே அங்கே இருக்கட்டும். பெற்றவள் ஒரே ஒரு தடவை அதை வாய்விட்டுச் சொன்னால் குற்றமில்லை. சொல்லிவிட்டால் சென்னம்மாவின் பேர் வீட்டுக்குத் திரும்பிவிடும், பழையபடி கூப்பிடலாம். ஒரு வார்த்தை, அவ்வளவுதான் தேவை. சென்னம்மாவும் சரி என்று தலையாட்டியிருக்கிறாள்.

நஞ்சப்பனும் நானும் மலை ஏறிய அன்று மல்லையன் அடிவாரத்துக்கே வந்து காத்திருந்தான். முகம் மழித்து, வெளுத்த வேட்டி கட்டியிருந்தான். நஞ்சப்பன் முன்னால் போனதும் என் பக்கத்தில் வந்து நடந்தான்.

"எப்பிடியாச்சும் மாத்திக் குடுத்துருங்க பாய். எனக்கு அவளக் கூப்புடோணும்."

பாறையில் வேலை முதலில் நன்றாகத்தான் நடந்தது. நஞ்சப்பன் திசைகாட்டியை வைத்து வடக்கைக் குறித்தார். ஓடை எது, பாதை எது என்று சென்னம்மா முன்னால் நடந்து காட்டக் காட்ட, வரைந்துகொண்டே வந்தார். பாதையைத் தடித்த கோடாகவும், ஓடையை அலைக்கோடாகவும் போட்டார். எத்தனை ஜெராக்ஸ் எடுத்தாலும் மாறாதாம். விளிம்புக்குப் பக்கத்தில் 'பள்ளம், எச்சரிக்கை' என்று எழுதினார். புள்ளியைக் கடுகு அளவாக்கினார். எனக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. அவர் முதுகில் தட்டிக்கொடுக்காத குறை.

பிறகு அவர் பேனாவை நிமிர்த்திக்கொண்டு சென்னம்மாவைப் பார்த்தார். நல்ல மனுஷன்தான், ஆனால் இந்தக் கேள்வியை வேறு விதமாகக் கேட்க அவருக்கும் தெரியவில்லை.

"பேரென்னங்க?"

சென்னம்மா பாறையைப் பார்த்தாள். வெள்ளைக்கு நடுவே அந்தக் கறுப்புச் சுவர் வெயிலில் பளபளத்துக்கொண்டிருந்தது. அடியில் புதிதாக யாரோ வைத்த வளையல்கள் கிடந்தன. மல்லையன் ஓர் அடி முன்னால் வந்து நின்றான். அவள் வாய் திறந்தது, ஒரு எழுத்துக்கு உதடு கூடியது போல இருந்தது, மறுபடி மூடிக்கொண்டது. மகள் பேரை அங்கே எத்தனையோ நாள் கத்தியவள் அவள். எழுதிக்கொள்ள ஒருவர் பேனாவோடு நிற்கும்போது அது வரவில்லை.

"சென்னம்மாதானுங்க" என்றாள். "பாறைக்குப் பேரு சென்னம்மாதான். எழுதிக்கோங்க."

"நல்லா யோசிச்சுச் சொல்லுங்கம்மா."

"யோசிச்சுத்தான் சொல்றேன். அங்க செத்தது சென்னம்மாதான்."

நஞ்சப்பன் என்னைப் பார்த்தார். நான் மல்லையனைப் பார்த்தேன். அவன் முகத்தைத் திருப்பிக்கொண்டு ஓடைப் பக்கம் நடந்து போய்விட்டான். பேனா தாளில் கீறுகிற சத்தம் எனக்குக் கேட்டது.

இறங்கும்போது என்னால் அடக்க முடியவில்லை. "உனக்குப் பைத்தியமா? அந்த ஆளு முகத்தப் பாத்தியா? ஒரு வார்த்த சொல்றதுக்கு என்ன கேடு?" என்று கத்தினேன். அவள் நின்றாள். கோபப்படுவாள் என்று நினைத்தேன், எனக்குப் பொறுமையாகப் புரியவைத்தாள்.

"பொஸ்தகத்துல நான் செத்துருக்கேன் பாயி. அத எல்லாரும் படிக்கறாங்க. அப்ப அவ சாவலதானே? நான் வாயத் தொறந்து சொன்னா, அவளத் தள்ளிவுட்டாப்பல ஆயிராதா?"

நான் முன்னால் இறங்கி நடந்தேன்.

மறுபதிப்பு வந்தது. நஞ்சப்பன் ஒரு நகல் கொண்டுவந்து காட்டினார். அம்புக்குறி இருந்தது. விளக்கம் அதே பக்கத்தில் இருந்தது. பாதை பாதையாகவும் ஓடை ஓடையாகவும் இருந்தது. அதற்குப் பிறகு அந்தப் பாறையில் ஒருவருக்கும் ஒரு கீறல் விழவில்லை. ஊத்துப்பள்ளத்தில் அவளை 'இந்தா' என்றும் 'அக்கா' என்றும் கூப்பிட்டுப் பழகிவிட்டார்கள். மல்லையனும்தான். என் கடையில் மட்டும் அவளுக்குப் பேர் இருந்தது.

எண்பத்தொன்பதில் ஒரு நாள். பஸ்ஸிலிருந்து இறங்கி வந்தது ஒரு கல்லூரிப் பெண்ணும் அவள் தோழியும். கையில் புதுப் படம். சென்னம்மா புளியில் கொட்டை எடுத்துக்கொண்டு ஓரமாக உட்கார்ந்திருந்தாள். வழி கேட்டார்கள். நான் சொல்வதற்குள் அவளே சொன்னாள். தடித்த கோட்டைப் பிடிச்சே போங்க, அலைக்கோடு பக்கம் போயிராதீங்க என்று. அந்தப் பெண்ணுக்கு அவளைப் பிடித்துப்போயிற்று. பக்கத்தில் குந்தி உட்கார்ந்துகொண்டாள்.

"அந்த ஊராம்மா நீங்க? அந்தச் சென்னம்மாவ உங்களுக்குத் தெரியுமா?"

"தெரியுங்கண்ணு. பாத்துருக்கேன்."

"எப்பிடிம்மா செத்தாங்க?"

"கடுக்கா பொறுக்கப் போனா. கால் வழுக்கிருச்சு." புளியிலிருந்து கையை எடுக்காமலே சொன்னாள். "காச்சலோட போயிருக்கா. மவ போறேன்னுதான் சொல்லியிருக்கா. வேண்டாம், நீ வூட்ல இருன்னுட்டு இவளே போயிட்டா."

"ஐயோ. அந்தப் பொண்ணு?"

"நல்லா இருக்கா. வத்தல்மலையில கட்டிக் குடுத்துருக்குது. ரெண்டு கொழந்தைங்க." ஒரு கொட்டையை ஒதுக்கிப் போட்டுவிட்டு, "பெரியவளுக்கு ஆத்தா பேரத்தான் வெச்சுருக்கா" என்றாள்.

அந்தப் பெண்ணின் கண் கலங்கிவிட்டது. "அந்தப் பொண்ணு பேரென்னம்மா?" என்று கேட்டாள்.

"கருப்பி" என்றாள் அவள். சத்தமாக, பகல் வெளிச்சத்தில், என் கடை வாசலில், உயிரோடு இருக்கிற ஒருத்தியின் பேரைச் சொல்கிற மாதிரிச் சொன்னாள். கெட்ட சாவு செத்தவர்களின் பேரைத்தானே சொல்லக் கூடாது?

கொட்டை எடுத்த புளியை முறத்தோடு வாங்கிக்கொள்ள நான் எழுந்தேன். அவளைக் கூப்பிட வேண்டும். வாய்ப் பழக்கத்தில் பேர் நாக்கு நுனிக்கு வந்துவிட்டது. அந்தப் பெண் இன்னும் அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். சென்னம்மா என்னை நிமிர்ந்து பார்த்தாள். அந்தப் பார்வை என்ன கேட்டது என்று எனக்குப் புரிந்தது.

"இந்தாம்மா" என்றேன். "அந்த முறத்த இப்பிடிக் குடு."